உதவி தேவை: கேட்டோ மேனர் வீட்டுக்குப் போகும் வழி என் கதையில் அடைபடுகிறது

கீரைப்பாத்தி (சாட்ஸ்வர்த்):
வணக்கம். இணைப் பிரபஞ்சத்துக்குப் போகும் ஒரு பெண்ணைப் பற்றிக் கதை எழுதுகிறேன். இங்கே தென்னாப்பிரிக்காவில் ஒவ்வொரு இனமும் தனித்தனிப் பகுதியில்தான் குடியிருக்கவேண்டும் என்று 1950இல் குழுப் பகுதிச் சட்டம் வந்ததே, அது வராமலே போன உலகத்துக்கு அவள் போகிறாள். அங்கே டர்பன் நகரத்துக் கேட்டோ மேனரில் ஆயா வீடு இடிபடவில்லை. ஆயாவும் இருக்கிறார், அடுப்படியில் அம்மியும் இருக்கிறது. (இங்கே எங்கள் ஆயா கடைசிவரை அந்த அம்மியைப் பற்றித்தான் பேசினார். சாட்ஸ்வர்த்துக்கு மாற்றியபோது லாரியில் இடமில்லை என்று விட்டுவிட்டு வந்தார்களாம்.)

கோட்பாட்டின் பெயர் கிளைத்தாவல். 1957இல் இயற்பியலாளர் எவரெட் சொன்ன பல உலகங்கள்தான் அடிப்படை: குவாண்டம் நிகழ்வின் ஒவ்வொரு முடிவுக்கும் உலகம் ஒரு கிளையாகப் பிரிகிறது. ஆனால் கிளைகள் பிரிந்தால் பிரிந்ததுதான், ஒன்றோடொன்று பேசாது என்று தம்பி மடக்கிவிட்டான். எப்படிச் சரிசெய்வது?

மாரிட்ஸ்பர்க் வாத்தியார்:
தம்பி சொல்வது சரி அம்மா. குவாண்டம் சமன்பாடு நேரியல் (இரண்டு தீர்வுகளைக் கூட்டினாலும் ஒவ்வொன்றும் தன் போக்கில் போகும்), அதனால் ஒரு கிளை இன்னொன்றைத் தொடாது. ஆனால் ஒரு சந்து உண்டு. 1989இல் ஸ்டீவன் வைன்பர்க் அதில் சிறிய நேரியலாப் பகுதியைச் சேர்த்துப் பார்த்தார். அப்படிச் செய்தால் கிளைகளுக்கிடையே பேசும் ‘எவரெட் தொலைபேசி’ வந்துவிடலாம் என்று 1991இல் ஜோசப் போல்சின்ஸ்கி காட்டினார். சோதனைகளில் அந்தப் பகுதி தட்டுப்படவில்லை. உங்கள் கருவி அதை உண்டாக்குவதாக எழுதுங்கள்.

வெருலம்வாசி:
செய்தி போவது வேறு, ஆள் போவது வேறு அக்கா. 52 கிலோ பெண் மறைந்தால் அந்த நிறைக்குரிய ஆற்றலுக்குக் கணக்கு வேண்டும். அது சுமார் 1,100 மெகாடன் வெடிப்புக்குச் சமம்! அதே இடத்திலிருந்து அதே எடை இங்கே வரவேண்டும் என்று விதி வையுங்கள். அப்புறம் இன்னொன்று: அவளுடைய அம்மா 1950க்குப் பிறகு பிறந்தவரா? அப்படியென்றால் வரலாறு மாறிய அந்த உலகத்தில் அவர் பிறந்திருக்கவே மாட்டார். ஆயாவுக்கு இவள் யாரென்றே தெரியாது.

கீரைப்பாத்தி:
அம்மா பிறந்தது 1966இல், சாட்ஸ்வர்த்துக்கு வந்த பிறகு. ஆயாவுக்கு அவளைத் தெரியாது என்பது எனக்குத் தோன்றவே இல்லை. படித்துவிட்டு வெகுநேரம் பேனாவைத் தொடவில்லை.

எடைக்கு வழி கிடைத்துவிட்டது. அம்மியும் குழவியும் 30 கிலோ தேறும், மீதிக்குப் பக்கத்திலிருக்கும் அரிசி மூட்டை. அவள் நின்ற புல்தரையில் அம்மி வந்து உட்காருகிறது, அரைத்த மஞ்சள் காயாமல். அங்கே ஆயா திரும்பிப் பார்த்து, “யாரும்மா நீ?” என்கிறார்.

மாரிட்ஸ்பர்க் வாத்தியார்:
நன்றாக இருக்கிறது. திரும்பி வர அம்மியும் மூட்டையும் அதே இடத்தில் இருக்கவேண்டும், அதற்கு இங்கே ஒரு ஆள் காவல் வையுங்கள். ஆயா எப்படியும் சோறு போடாமல் அனுப்பமாட்டார். அரை கிலோவாவது கூடிவிடும், அதையும் பாருங்கள்.

கீரைப்பாத்தி:
சரி அண்ணா. அப்படியானால் செருப்பை ஆயா வீட்டு வாசலிலேயே விட்டுவிட்டு வருவாள்.