லயன் வீட்டை இடித்துப் புதுக் கிராமம்: வரைபடம் அழகு, மனசு ஒப்பவில்லை

பால்மரக்காடு:
மலேசியாவில் கோலசிலாங்கூர் பக்கம் எங்கள் தோட்டத்து லயன்களை, அதாவது தொழிலாளர் வரிசை வீடுகளை, இடித்துவிட்டு 42 வீடு கட்டப் போகிறார்கள். போன வாரம் வரைபடம் காட்டினார்கள். நடுவில் வட்ட மண்டபம், வளைந்த கூரை, வீடுகளெல்லாம் அதைப் பார்த்தபடி. அழகுதான், பொய் சொல்ல மாட்டேன். ஆனால் வீட்டுக்கு அஞ்சடி (வாசல் திண்ணை) இல்லை, முருங்கை நடப் பின்னால் ஒரு முழம் இடமில்லை, ஆடு வளர்ப்பவர்கள் என்ன செய்வது என்று கேட்டால் அப்புறம் பார்க்கலாம் என்கிறார்கள். சனிக்கிழமை மறுபடி கூட்டம். என்ன பேசலாம்?

லுனாஸ்காரி:
தம்பி, அஞ்சடியை விட்டுக்கொடுக்காதீர்கள். எங்கள் அம்மா ரப்பர் பால்வெட்டுக் காலத்துப் பழக்கத்தில் விடியுமுன்பே எழுந்து, அஞ்சடியில் உட்கார்ந்து வெற்றிலை இடிப்பார், பெரட்டுக்கு (காலையில் வேலைக்குப் பேர் கொடுக்க) போகிறவர்கள் ஒரு வார்த்தை பேசாமல் தாண்டமாட்டார்கள். அடுக்குமாடிக்கு மாறிய பிறகு, உரல் சத்தத்துக்குக் கீழ்வீட்டுக்காரர் வந்து கதவைத் தட்டினார். அன்றைக்கு உரலைத் துணியில் சுற்றி அடுப்புக்குக் கீழே வைத்தவர்தான், பிறகு எடுக்கவே இல்லை.

வரைபலகை:
நான் கட்டட வரைவாளன். எகிப்தில் நைல் நதியோரம், லக்சர் நகருக்கு எதிர்க்கரையில், ஹசன் ஃபாத்தி என்ற கட்டடக் கலைஞர் 1940களில், பழைய கூர்னா ஊர்க்காரர்களைக் குடிவைக்கப் புது கூர்னா என்று ஒரு கிராமம் கட்டினார். மண் செங்கல், குவிமாடம், பள்ளிவாசல், சந்தை, நாடக அரங்கு கூட உண்டு. இன்றும் கட்டடக்கலை மாணவர்கள் வியந்து படிக்கிறார்கள், ஆனால் பெரும்பாலான கூர்னாக்காரர்கள் குடிபோகவில்லை. பழைய ஊர் பண்டைய கல்லறைகளின் மேல் இருந்தது, அதைச் சுற்றித்தான் அவர்கள் பிழைப்பு. குவிமாடமோ அவர்கள் கண்ணுக்குச் சமாதி.

தென் அமெரிக்காவில் சிலி நாட்டின் இக்கிக்கே நகரில் அலெஹாந்த்ரோ அரவேனா என்ற கட்டடக் கலைஞரின் குழு வேறு வழி பார்த்தது. சுமார் 100 குடும்பங்களுக்கு, அவர்கள் குடியிருந்த இடத்திலேயே, குளியலறை, சமையலறை, படிக்கட்டு என்று தனியாளால் கட்ட முடியாத பாதியை 2004இல் கட்டிக்கொடுத்து, மீதியைக் குடும்பங்களிடமே விட்டார்கள். மண்டபத்தைச் சின்னதாக்கி அந்தப் பணத்தில் வீட்டுக்கு வீடு இடம் விடச் சொல்லுங்கள்.

தண்டல்பேரன்:
அழகே வேண்டாம் என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள். சம்பளத்தில் பிடித்துப் பிடித்துக் கோயில் கட்டியவர்கள் நம் ஆட்கள், அவர்களுக்கும் நல்ல கட்டடம் வேண்டும். முதலில் பட்டா யார் பெயரில் என்று கேளுங்கள், அது தெரியாமல் கூரையைப் பற்றிப் பேசாதீர்கள்.

பால்மரக்காடு:
சரி அண்ணே, பட்டாவைத்தான் முதலில் கேட்கிறோம். வெள்ளிக்கிழமை பூசை முடிந்ததும் கோயில் திடலில் ஒரு வீட்டின் அளவைக் கோலமாவால் அப்படியே போடப்போகிறோம். பாட்டிமார் உள்ளே நடந்து பார்த்து, பாய் எங்கே விரிப்பது, உரலை எங்கே வைப்பது என்று சொல்லட்டும். அதைப் படம் பிடித்துக்கொண்டு கூட்டத்துக்குப் போகிறோம்.