ஈ.ஆர். முதல் சீசன்: 19ஆவதோட நிண்டிட்டன், தொடரலாமோ?

உவர்மலைப் பொடியன்:
பத்து நாளா இரவில ஈ.ஆர். எண்ட அமெரிக்க ஆஸ்பத்திரி டிவி நாடகத்தின்ர முதல் சீசன் பாக்கிறன். 1994இல தொடங்கினது, சிக்காகோவில கவுண்டி ஜெனரல் எண்ட கற்பனை ஆஸ்பத்திரி, 25 எபிசோட். ஜோர்ஜ் குளூனிக்காகத்தான் தொடங்கினனான். 19ஆவதில ஒரு பிள்ளைத்தாச்சி வாறா. டொக்டர் கிரீன் சலப்பையில கிருமி எண்டு சொல்லி வீட்ட அனுப்புறார். வலிப்போட திரும்பி வாறா. பிள்ளை தப்புது, தாய் இல்லை. எனக்கு நித்திரை வரேல்ல. அனுபவமான டொக்டர் அப்பிடிப் பிழை விடுவாரோ, இல்லாட்டி கதைக்காக இழுத்ததோ?

நிலாவெளி ரோட்:
தலைப்பில 'கதை முடிவு உள்ளுக்கு' எண்டு போட்டிருக்கலாமே ஐயா! நான் 12இல நிக்கிறன்.

பென்சன் மிஸ்:
தம்பி, நான் 31 வருஷம் நேர்ஸ், அதில கனகாலம் லேபர் ரூம். மகள் கனடாவில இருந்து கொண்டு வந்த டிவிடியில பாத்தனான். பாதியில எழும்பித் தேத்தண்ணி போடப் போனன். கேத்தில் வத்தினதே தெரியேல்ல.

பிழை விடுவினம். கொஞ்சம் பிரசர், கால் வீக்கம், தலையிடி, சலத்தில புரதம்: தனித்தனியாப் பாத்தா பிள்ளைத்தாச்சிக்கு வாற சில்லறை வருத்தம். சேர்த்துப் பாக்கிறவளுக்குத்தான், வலிப்பு வரப்போகுதோ எண்டு வயித்தக் கலக்கும். மிட்வைப் மிஸ்மார் ஒவ்வொரு கிளினிக்கிலயும் பிரசர் பாத்துச் சலம் சோதிக்கிறது சும்மா இல்லை. வலிப்பு வந்தா மக்னீசியம் சல்பேட். குடுத்தாப் பிறகு முழங்கால்ல தட்டிப் பாக்கோணும், மூச்சை எண்ணோணும், சலம் அளக்கோணும். மருந்து மிஞ்சினா மூச்சு நிண்டிடும். அதை முறிக்கக் கல்சியம் குளுக்கோனேட் கட்டிலடியில இருக்கும்.

எனக்கு உண்மையாப் பட்டது இதெல்லாம் இல்லை. மகப்பேற்று டொக்டரைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கினம், ஆள் வரேல்ல. அதுதான். 2009இல பாலம் திறக்கும் மட்டும் கிண்ணியாத் தாய்மார் பாதையிலதான், அதான் ஆக்களையும் வாகனத்தையும் ஏத்திற மிதவையில, இக்கரைக்கு வரோணும். பாதை அக்கரையில நிண்டா நிண்டதுதான். அப்பிடி ஒருத்தி வலிப்போட வந்தவ. தாயும் பிள்ளையும் தப்பிட்டினம். மூண்டாம் நாள் பிள்ளையைக் கையில குடுக்க, "யார்ர புள்ள மிஸ் இது?" எண்டு கேட்டா. பெத்ததே ஞாபகமில்லை. உம்மாக்காரிதான் அழுதழுது சொல்லிக் குடுத்தவ.

மற்ற எபிசோட்டுகளில குறை இருக்கு. இவ்வளவு பேர் ஓடித்திரிஞ்சா நான் வாட்டை விட்டுக் கலைச்சிருப்பன்.

சாம்பல்தீவான்:
மிஸ், ஹத்தவே நேர்ஸை மறந்திட்டீங்களே. முதல் எபிசோட்டோட சாகிறதுக்கு எழுதின பாத்திரம். பிறகு மனம் மாறி வச்சிருந்தினம். நடிச்ச ஜூலியானா மார்குலீஸ் அந்த சீசனுக்கே எமி விருது எடுத்தவ.

பென்சன் மிஸ்:
மறக்கேல்ல தம்பி. அங்க வேலை தெரிஞ்ச ஒரே ஆள் அவதான்.

உவர்மலைப் பொடியன்:
நன்றி மிஸ். அக்காவுக்கு இப்ப எட்டு மாசம். இரவு உங்கட பதிலை வாசிச்சிட்டு அவவை எழுப்பிக் கிளினிக் கார்டைக் கேட்டன். பிரசர் 110/70, பிழையில்லை. நல்ல ஏச்சு விழுந்தது. இண்டைக்கு 20ஆவது போடுறன்.