பாண்டா: குத்தகையா, இரவலா?

> ஆண்டுதோறும் பணம் கட்டுகிறார்கள், காலக்கெடுவும் இருக்கிறது. ‘பாண்டாக் குத்தகை’ என்றே வைத்துக்கொள்ளலாமே?

வணக்கம் அண்ணா,

சீனா தன் பாண்டாக்களைப் பிற நாட்டு விலங்குக்காட்சிசாலைகளுக்குக் குறிப்பிட்ட காலத்துக்குக் கொடுக்கிறதே, அதைத் தமிழில் எப்படிச் சொல்வது என்பதுதானே நம் பேச்சு. பணத்தையும் கெடுவையும் மட்டும் பார்த்தால் குத்தகை சரிதான். குட்டி பிறந்தவுடன் அந்தச் சொல் பொருந்தாமல் போகிறது. வயலைக் குத்தகைக்கு எடுத்தவர், பேசிய நெல்லை அளந்துவிட்டால் மிச்ச விளைச்சல் அவருடையது. பாண்டா ஒப்பந்தத்தில் பிறக்கும் குட்டி சீனாவுக்கே சொந்தம்.

சிங்கப்பூரில் நடந்ததைப் பாருங்கள். காய் காய், ஜியா ஜியா என்ற பாண்டா ஜோடி 2012 செப்டம்பரில் பத்தாண்டுக்கு வந்தது. பிறகு 2027 வரை நீட்டித்தார்கள். 2021 ஆகஸ்ட் 14 அன்று அவற்றின் குட்டி லே லே பிறந்தான். பெயர்கூட அந்த ஊர் மக்கள் வாக்களித்துத் தேர்ந்தெடுத்ததுதான். 2024 ஜனவரியில் அவனைச் சீனாவுக்கு அனுப்பிவிட்டார்கள், தாயும் தகப்பனும் சிங்கப்பூரிலேயே இருக்க. இதை ‘நாடு திரும்பினான்’ என்று எழுதினால் எனக்கு உறுத்துகிறது. அவன் அதுவரை சீனாவைப் பார்த்ததே இல்லையே!

பலனைப் பங்கிட்டுக்கொள்ளும் ‘வார’மும் ஒத்துவராது. எங்கள் ஆச்சி வெள்ளாட்டை வாரத்துக்கு விடுவார். இரட்டைக் குட்டி ஈன்றால் ஒன்று ஆச்சிக்கு, ஒன்று மேய்த்தவருக்கு. இங்கே மேய்த்தவருக்குப் பங்கே கிடையாது.

அப்புறம், ‘கடன்’. பக்கத்து வீட்டில் ஒரு ஆழாக்கு சர்க்கரை கடன் வாங்கினால் வேறு சர்க்கரையைத்தான் திருப்பித் தருகிறோம். கல்யாணத்துக்கு அட்டிகை இரவல் வாங்கினால் அதே அட்டிகை திரும்ப வேண்டும். ஆகவே பாண்டா இரவல்தான். இனம் பெருக்கி வளர்ப்பதற்காகக் கொடுப்பதால் ‘வளர்ப்பிரவல்’ என்கிறேன். மற்ற விலங்குகளை விலங்குக்காட்சிசாலைகள் தங்களுக்குள் இப்படிக் கொடுத்து வாங்குவதற்கும் இது பொருந்தும்.

இரவலுக்குப் பணம் உண்டா என்று கேட்பீர்கள். ஒரு ஜோடிக்கு ஆண்டுக்குப் பத்து லட்சம் டாலர் வரை கொடுப்பது வழக்கமாக இருந்தது. அது காட்டுப் பாண்டாக்களின் பாதுகாப்புக்கென்று சொல்லி வாங்கும் தொகை. அதற்குத் தனியாகப் ‘பேணல் நிதி’ என்று பெயர் வைப்போம். எல்லாப் பொருளையும் ஒரே சொல்லில் ஏற்ற வேண்டாம்.

1972-இல் வாஷிங்டனுக்குப் போன லிங்-லிங், ஷிங்-ஷிங் என்ற பாண்டா ஜோடி மட்டும் இதில் சேராது. அவை சீனா கொடுத்த அன்பளிப்பு. அவற்றைப் பற்றிய நம் பதிவில் ‘இரவல்’ என்று இருப்பதை இன்றே மாற்றிவிடுகிறேன்.

‘வளர்ப்பிரவல்’ என்று சேர்த்து எழுதுவதா, ‘வளர்ப்பு இரவல்’ என்று பிரித்து எழுதுவதா? அறிவிப்புப் பலகையில் குழந்தைகளும் படிப்பார்கள் என்பதால் எனக்குப் பிரித்து எழுதவே விருப்பம். உங்கள் கருத்தைச் சொல்லுங்கள்.