பாம்பைக் கண்டு பதறுவது யார்? சில அனுபவங்கள்

உயிரியல் ஆசிரியர், சென்னை

மாணவர்களைக் கிண்டி பாம்புப் பண்ணைக்கு அழைத்துச் செல்லும்போதெல்லாம், சார்லஸ் டார்வின் தம்மை வைத்தே செய்துபார்த்த ஒரு சோதனையை அவர்களுக்குச் சொல்வது என் வழக்கம். இலண்டன் விலங்குக்காட்சிச் சாலையில், நஞ்சு மிகுந்த ஆப்பிரிக்க விரியன் ஒன்றை அடைத்திருந்த தடித்த கண்ணாடிக்கு அருகே முகத்தை வைத்துக்கொண்டு, அது கொத்த வந்தாலும் பின்வாங்குவதில்லை என்று அவர் உறுதி பூண்டார். பாம்பு பாய்ந்த கணத்திலேயே இரண்டொரு கஜ தூரம் பின்னால் துள்ளிவிட்டார். தாம் ஒருபோதும் பட்டறியாத ஓர் ஆபத்தைப் பற்றிய கற்பனைக்கு முன்னால் தம் மனவுறுதியும் பகுத்தறிவும் செயலிழந்துபோயின என்று, உணர்ச்சிகளின் வெளிப்பாடு குறித்து 1872இல் வெளியிட்ட நூலில் அவர் பதிவு செய்திருக்கிறார்.

சென்றமுறை நாங்கள் போயிருந்தபோது ஒரு நல்ல பாம்பு படமெடுத்துக் கண்ணாடியில் மோதியது. டார்வினின் கதையைச் சற்றுமுன்தான் கேட்டிருந்தும், முன்வரிசை முழுவதும் துள்ளிப் பின்வாங்கியது. ஒரு மாணவி மட்டும் அசையவில்லை. துணிச்சலா என்று கேட்டதற்கு, எங்களுக்கு முன்பே அங்கு வந்து நின்று அது மோதுவதைப் பலமுறை பார்த்துவிட்டதாகவும், முதல்முறை தானும் துள்ளியதாகவும் சொன்னாள். டார்வின் அந்தக் கண்ணாடியின் முன் அரைமணி நேரம் நின்றிருந்தால் என்ன எழுதியிருப்பார் என்ற யோசனை அன்று முதல் என்னை விடவில்லை. நாகரிகத்தின் மெல்லிய பூச்சுக்கு அடியில் ஆதி விலங்கு ஒன்று காத்திருக்கிறது என்னும் எண்ணத்தில் வளர்ந்தவர்கள் நாம். அந்த எண்ணத்தை உறுதி செய்த அல்லது அசைத்த அனுபவம் உங்களுக்கு நேர்ந்திருந்தால் எழுத வேண்டுகிறேன்.

இல்லத்தரசி, திருவாரூர் மாவட்டம்

என் மகன் தவழத் தொடங்கியிருந்த பருவத்தில், வீட்டுக் கொல்லையில் விரித்திருந்த பாயிலிருந்து இறங்கி, வாழை மரத்தடியில் ஊர்ந்துகொண்டிருந்த ஒரு சாரைப் பாம்பை நோக்கிக் கையை நீட்டியபடி நகர்ந்தான். அவன் முகத்தில் அச்சத்தின் சாயல்கூட இல்லை. பந்து உருண்டால் எப்படிப் பார்ப்பானோ அப்படித்தான் பார்த்தான். என் மாமியார் அலறிய அலறலில் பாம்பு வேலிக்குள் மறைந்தது, பிள்ளை வீறிட்டு அழுதான். அவனை அழவைத்தது பாம்பன்று, பாட்டியின் குரல்தான் என்பதில் எனக்கு ஐயமில்லை. ஆயினும் சில மாதங்கள் கழித்துத் தோட்டத்துக் குழாயைக் கண்டே அவன் பின்வாங்கினான்.

நான் உளவியல் படித்தவள் என்பதால் இதைத் தேடிப் படித்தேன். உளவியலாளர்களான ஜூடி டெலோச்சி, வனெசா லோபியூ ஆகிய இருவரும் 2009இல் வெளியிட்ட ஆய்வில், பாம்பு ஊரும் படத்தைப் பார்த்த கைக்குழந்தைகள் அச்சம் எதையும் காட்டவில்லை. ஆனால் மகிழ்ச்சியான குரல் ஒலித்தபோது பார்த்ததைவிட, அச்சமுற்ற மனிதக் குரல் ஒலித்தபோது பாம்புப் படத்தை அவர்கள் நெடுநேரம் நோக்கினார்கள். அதற்கும் முன்பு, 1980களில் சூசன் மினெக்காவும் மைக்கேல் குக்கும் ஆய்வுக்கூடத்தில் பிறந்து வளர்ந்த ரீசஸ் குரங்குகளுக்குப் பாம்பைக் காட்டியபோது, பாம்பையே அறியாத அக்குரங்குகள் அஞ்சவில்லை. காட்டில் வளர்ந்த குரங்கு பாம்பைக் கண்டு மிரள்வதைப் பார்த்த பின்னர் விரைவிலேயே அஞ்சக் கற்றுக்கொண்டன. அந்தக் குரங்கு மலரைக் கண்டு மிரள்வதுபோல் வெட்டி ஒட்டிய காணொளியைக் காட்டினாலோ, மலருக்கு அஞ்ச அவை கற்கவில்லை. ஆக, பிறவியில் வருவது அச்சம் அன்று. எதற்கு அஞ்சுவது என்பதைப் பிறரைப் பார்த்து எளிதில் பற்றிக்கொள்ளும் ஆயத்தமே பிறவியில் வருகிறது. ஆசிரியர் ஐயா, டார்வினுக்குள் இருந்த ஆதி மனிதனைத் தேடுவதைவிட, அவர் சிறுவயதில் யார் அலறக் கேட்டார் என்று தேடுவது பொருத்தமாக இருக்கும்.

மென்பொருள் பணியாளர், கோயம்புத்தூர்

நான் சந்தித்தது பாம்பை அன்று, ‘ஊர்வன மூளை’யை. முன்பு வேலை பார்த்த ஒரு நிறுவனத்தில் நடந்த பயிற்சி வகுப்பில், மூளையை மூன்று அடுக்குகளாகப் பிரித்த வண்ணப்படம் ஒன்றைத் திரையில் காட்டினார்கள். அடியில் பல்லிக்கு உரிய மூளை, நடுவில் பாலூட்டிக்கு உரிய உணர்ச்சி மூளை, உச்சியில் சிந்திக்கும் மனித மூளை. சினம் வந்தால் அடியில் இருக்கும் பல்லி ஆட்சியைப் பிடித்துவிடுகிறது என்பது விளக்கம். அடுத்த வாரமே எங்கள் மேலாளர் ஓர் இளம் பெண்ணை அனைவர் முன்னிலையிலும் கடிந்துகொண்டுவிட்டு, பின்னர் அதற்குத் தம் ஊர்வன மூளையைக் காரணம் காட்டினார். அந்தப் பல்லி இயக்குநரின் முன்னால் மட்டும் ஒருமுறைகூட விழித்துக்கொண்டதில்லை என்பதை நாங்கள் அனைவரும் கவனித்திருந்தோம்.

இந்த அடுக்குக் கோட்பாட்டை உருவாக்கியவர் அமெரிக்க நரம்பியலாளர் பால் மெக்லீன். 1960களில் அவர் அதற்கு முழு வடிவம் கொடுத்தார், 1977இல் கார்ல் சேகன் எழுதிய நூல் அதனை உலகெங்கும் பரப்பியது. நரம்பியலாளர்கள் அதைக் கைவிட்டு நெடுங்காலம் ஆகிறது. அடித்தட்டு என்று காட்டப்பட்ட பகுதிகள் மீன்களிலும் உண்டு. மேல்தட்டு என்று பெருமைப்படும் முன்மூளையின் அடிப்படை அமைப்பு பல்லிக்கும் உண்டு. பாலூட்டிகளின் வழியும் இன்றைய ஊர்வனவற்றின் வழியும் 30 கோடி ஆண்டுகளுக்கும் முன்பே ஒரே மூதாதையிடமிருந்து பிரிந்துவிட்டன. அதன் பிறகு இரு தரப்பு மூளைகளும் தத்தம் வழியில் மாறிக்கொண்டே வந்திருக்கின்றன. பழைய வீட்டின் மீது மாடி எழுப்புவதுபோல் பரிணாமம் மூளையைக் கட்டவில்லை.

எலிகளை வைத்து அச்சத்தை ஆராய்ந்த நரம்பியலாளர் ஜோசப் லெடூ, மூளைக்குள் அமிக்டலா என்னும் சிறு பகுதியை நோக்கி இரண்டு பாதைகள், ஒன்று விரைவாகவும் மற்றொன்று மெதுவாகவும், செல்வதாக 1990களில் விளக்கினார். அதைப் படித்த பலர் அமிக்டலாவையே அச்சத்தின் இருப்பிடமாக்கிவிட்டார்கள். பின்னாளில் அவரே முன்வந்து, அந்த நரம்புச் சுற்று ஆபத்தை உணர்ந்து உடலை இயக்குவதே தவிர, ‘நான் அஞ்சுகிறேன்’ என்னும் உணர்வை ஆக்குவது அன்று என்று வாதிட்டார். எஸ்.எம். என்ற எழுத்துகளால் மட்டும் அறியப்படும் அமெரிக்கப் பெண்ணின் நிலை இதைவிட வியப்பானது. அரிய நோயால் இரு பக்க அமிக்டலாவையும் இழந்த அவர், பாம்புகளை வெறுப்பதாகச் சொல்லிக்கொண்டே விலங்குக் கடையில் ஒரு பாம்பைக் கையில் வாங்கி ஆவலுடன் வருடினார். ஆனால் கரியமில வாயு மிகுந்த காற்றை முகமூடி வழியாக ஒருமுறை சுவாசிக்கச் செய்தபோது அவரும் பீதியில் துடித்தார் என்று 2013இல் வெளியான ஆய்வு கூறுகிறது. அச்சத்துக்கு ஒரே வாசல் என்று இனி எப்படிச் சொல்வது?

செவிலியர், அரசு மருத்துவமனை

மேலே சகோதரர் கேட்ட கேள்விக்கு எங்கள் அவசரப் பிரிவில் தினமும் பதில் கிடைக்கிறது. பாம்பு கடித்துவிட்டது என்று வருபவர்களுள் பலருக்கு மூச்சு வாங்கும், விரல்கள் மரத்துப்போகும், தலை சுற்றும், வியர்த்துக் கொட்டும். இவற்றுள் எது நஞ்சின் வேலை, எது அச்சத்தின் வேலை என்று பார்த்த மாத்திரத்தில் சொல்லிவிட முடியாது. ஆகவேதான் சிறிதளவு இரத்தத்தைக் கண்ணாடிக் குழாயில் எடுத்து, 20 நிமிடம் அசைக்காமல் வைத்து, உறைகிறதா என்று பார்க்கிறோம்; இமை சரிகிறதா என்று கவனித்துக்கொண்டே இருக்கிறோம். அழைத்து வந்த உறவினர் ‘அது வெறும் தண்ணீர்ப் பாம்புதானாம்’ என்று சொன்னதும் மரத்த விரல்கள் சரியானதைப் பார்த்திருக்கிறேன். ஒரு செய்தியால் அடங்கும் ஒன்றை அறிவுக்கு எட்டாத விலங்குணர்ச்சி என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை. ஆனால் யாரும் உறவினர் சொல்வதை நம்பி வீட்டிலேயே இருந்துவிட வேண்டாம். கட்டுவிரியன் கடித்த தடம் பல நேரம் கண்ணுக்கே தெரிவதில்லை.

தொண்டு நிறுவனப் பணியாளர், செங்கல்பட்டு மாவட்டம்

பேச்சு இங்கு வந்ததால், பாம்பு பிடிப்பதில் தேர்ந்த பழங்குடியினரான இருளர்களைப் பற்றிச் சொல்லாமல் இருக்க முடியாது. மாமல்லபுரம் சாலையில் வடநெம்மேலியில் இயங்கும் இருளர் பாம்பு பிடிப்போர் கூட்டுறவுச் சங்கம் 1978இல் தொடங்கப்பட்டது. நல்ல பாம்பு, கட்டுவிரியன், கண்ணாடி விரியன், சுருட்டை விரியன் ஆகிய நான்கையும் அதன் உறுப்பினர்கள் பிடித்து வந்து, மண்பானைகளில் வைத்து, நஞ்சை எடுத்தபின் மீண்டும் காட்டில் விடுகிறார்கள். பாம்புக்கடிக்கான முறிமருந்து தயாரிக்க அந்த நஞ்சு போகிறது. இதே மக்களை நடுவண் அரசு 2006 வரை ‘ஆதிநிலைப் பழங்குடிக் குழுக்கள்’ என்ற பட்டியலில் வைத்திருந்தது. நாகரிகம் குறைந்தவர் இயல்பூக்கத்துக்கு நெருக்கமானவர் என்ற பழைய கணக்கின்படி பார்த்தால், பாம்பைக் கண்டு முதலில் துள்ள வேண்டியவர்கள் இவர்கள்தாம்.

எனக்குப் பழக்கமான ஒரு பெரியவருடன் வயல் வரப்பில் நடந்தபோது, எலி வளையின் வாயில் படிந்திருந்த தடத்தை அவர் குனிந்து பார்த்துவிட்டுக் கடப்பாரையால் தோண்டத் தொடங்கினார். கண்ணாடி விரியன் சீறிக்கொண்டு வெளிப்பட்டபோது நான் எங்கே போய் நின்றேன் என்பதைச் சொல்லத் தேவையில்லை. அவருடைய தோளும் ஒரு கணம் சிலிர்த்ததை நான் கண்டேன். ஆனால் கால் நகரவில்லை, கை அவசரப்படவில்லை. உங்களுக்குப் பயம் இல்லையா ஐயா என்று கேட்டதற்கு, பயம் இல்லாதவன் கடிபட்டுச் சாவான், பயம் வந்ததும் என்ன செய்ய வேண்டும் என்பதை அப்பன் கற்றுக்கொடுத்திருக்கிறார் என்றார்.

மாசி சடையன், வடிவேல் கோபால் ஆகிய இரு இருளர்கள் 2017இல் அமெரிக்காவின் ஃபுளோரிடாவுக்கு அழைக்கப்பட்டு, தாங்கள் முன்பின் பார்த்திராத சதுப்பு நிலத்தில், அங்கு பெருகித் தொல்லை தரும் பர்மிய மலைப்பாம்புகளைத் தேடிப் பிடித்தார்கள்; 2023இல் இருவருக்கும் பத்மஸ்ரீ விருது வழங்கப்பட்டது. பிறவி உணர்ச்சியால் மட்டும் இது முடிந்திருக்காது. தடம், எச்சம், உரித்த தோல் ஆகியவற்றைப் படித்தறியும் பயிற்சி கடல் கடந்தும் கைகொடுத்திருக்கிறது.

நான் சொன்ன பெரியவரின் மகன் இருசக்கர வாகனப் பழுது பார்க்கும் கடையில் வேலை கற்றுக்கொள்கிறான். அப்பாவுடன் வரப்புக்குப் போவதில்லை. சென்ற மழைக்காலத்தில் கடைக்குள் ஒரு தண்ணீர்ப் பாம்பு புகுந்தபோது, மேசைமேல் முதலில் ஏறி நின்றவன் அவன்தானாம். பெரியவர் அதைச் சொல்லிவிட்டு வெகுநேரம் சிரித்தார்.