கோ-ஆப் முதல் பணிப்பருவம்: வேலை உறுதியாகும் முன்பே ஒர்க் பர்மிட்டுக்கு விண்ணப்பிக்கலாமா?

கோவை_மாணவன் | 2024 செப்டம்பர் 9

அனைவருக்கும் வணக்கம். நான் கனடாவில் வாட்டர்லூ பல்கலைக்கழகத்தின் கணிதப் புலத்தில் கோ-ஆப் முறையில், அதாவது படிப்புப் பருவமும் வேலைப் பருவமும் மாறி மாறி வரும் முறையில், படித்து வருகிறேன். இப்போது 2ஏ பருவம் (இரண்டாம் ஆண்டின் முதல் படிப்புப் பருவம்) நடக்கிறது. எனது முதல் பணிப்பருவம் வரும் ஜனவரியில் தொடங்கி ஏப்ரல் வரை நீடிக்க வேண்டும். பல்கலைக்கழகத்தின் வாட்டர்லூவர்க்ஸ் தளத்தில் வேலை அறிவிப்புகள் வரத் தொடங்கிவிட்ட நிலையில், சில ஐயங்கள் தீராமல் இருப்பதால் இங்கே கேட்கிறேன்.

முதலாவது, கோ-ஆப் ஒர்க் பர்மிட் பற்றியது. எனக்குச் சேர்க்கை ஏற்பாடு செய்து கொடுத்த ஊர் முகவர், விண்ணப்பத்தில் முதலாளியின் பெயரை எழுத வேண்டியிருப்பதால் வேலை கிடைத்து ஆஃபர் கடிதம் கைக்கு வந்த பிறகுதான் விண்ணப்பிக்க முடியும் என்று உறுதியாகச் சொல்கிறார். என் வகுப்புத் தோழர்களோ இப்போதே அனுப்பிவிட வேண்டும் என்கிறார்கள். எது சரி?

இரண்டாவது, அதற்கான ஐஎம்எம் 5710 படிவத்தைத் தரவிறக்கம் செய்து திறந்தால், சற்றுக் காத்திருக்குமாறு சொல்லும் ஒரு வரி மட்டும் தெரிகிறது. எவ்வளவு நேரம் விட்டு வைத்தாலும் படிவம் வருவதில்லை.

மூன்றாவது, ரெஸ்யூமே. ஊரில் வளாக நேர்காணலுக்கு அண்ணன் பயன்படுத்திய மாதிரியை வைத்து, புகைப்படம், பிறந்த தேதி, தந்தை பெயர், பத்தாம் வகுப்பு மதிப்பெண் எல்லாம் சேர்த்து எழுதியிருக்கிறேன். இங்கு இது ஏற்புடையதா என்று தெரியவில்லை. அறிந்தவர்கள் வழிகாட்டினால் பேருதவியாக இருக்கும்.

கார்த்திகை_மலர் | 2024 செப்டம்பர் 9

வணக்கம் தம்பி. நான் அதே பல்கலைக்கழகத்தில் கோ-ஆப் முடித்தவள் என்பதால் முதல் இரண்டு கேள்விகளுக்கும் நான் பதில் சொல்கிறேன்.

இப்போதுள்ள 2024 விதிப்படி, கோ-ஆப் ஒர்க் பர்மிட்டுக்கு ஆஃபர் கடிதம் தேவையில்லை. அந்த முகவர் சாதாரண ஒர்க் பர்மிட்டின் நடைமுறையை இதோடு சேர்த்துக் குழப்புகிறார் என்று நினைக்கிறேன். குடிவரவுத் துறையான ஐஆர்சிசி இந்தப் பர்மிட்டுக்குப் பார்ப்பவை நான்குதான்: செல்லுபடியாகும் ஸ்டடி பர்மிட் உங்களிடம் இருக்க வேண்டும், வேலைப் பயிற்சி உங்கள் படிப்பின் கட்டாயப் பகுதியாக இருக்க வேண்டும், அந்தப் படிப்பில் சேர்ந்த அனைவரும் பட்டம் பெற அந்த வேலைப் பயிற்சியை முடித்தாக வேண்டும் என்று பல்கலைக்கழகம் கடிதம் தர வேண்டும், வேலைப் பயிற்சியின் மொத்தக் காலம் படிப்பின் மொத்தக் காலத்தில் பாதியைத் தாண்டக்கூடாது. வேலை கிடைத்துவிட்டதா என்பது இந்த நான்கில் எங்கும் வரவில்லை என்பதைக் கவனியுங்கள். படிவத்தில் முதலாளி என்ற இடத்தில் பல்கலைக்கழகத்தின் பெயரையும், பதவி என்ற இடத்தில் கோ-ஆப் மாணவர் என்றும் எழுதினால் போதும். பர்மிட்டின் வகையைத் தேர்ந்தெடுக்கும்போது கோ-ஆப் என்பதைத் தேர்ந்தெடுங்கள்.

ஆகவே இன்றே தொடங்குங்கள். ஐஆர்சிசி எடுத்துக்கொள்ளும் காலம் ஒருவருக்கு ஒருவர் மாறும். சில மாதங்கள்கூட ஆகலாம். நேர்காணல்கள் செப்டம்பர் இறுதியிலிருந்து அக்டோபர் வரை நடக்கும். வேலை உறுதியான பிறகு விண்ணப்பித்தால், ஜனவரியில் வேலைக்குப் போக வேண்டிய நாளில் பர்மிட் இல்லாமல் நிற்கும் நிலை வரலாம். இப்போதைய விதிப்படி, ஸ்டடி பர்மிட் மட்டும் வைத்துக்கொண்டு கோ-ஆப் வேலையைத் தொடங்குவது அனுமதியற்ற வேலையாகிவிடும். அது உங்கள் எதிர்கால விண்ணப்பங்கள் அனைத்தையும் பாதிக்கக்கூடியது.

படிவம் திறக்காததற்குக் காரணம், நீங்கள் அதை உலாவியிலோ கைப்பேசியிலோ திறப்பதுதான். கோப்பைக் கணினியில் சேமித்துவிட்டு, அடோபி ரீடர் நிறுவி, அதற்குள்ளிருந்து திறங்கள். எல்லாம் நிரப்பிய பின் சரிபார்ப்புப் பொத்தானை அழுத்தினால் பார்கோடு கொண்ட பக்கம் உருவாகும். அந்தப் பக்கம் உருவான பிறகு சேமித்த கோப்பைத்தான் பதிவேற்ற வேண்டும்.

இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன், ஏனெனில் என் தோழி ஒருத்தி இதில் வீணாகப் பணம் கட்டவிருந்தாள். கோ-ஆப் பர்மிட்டுக்குக் கட்டணம் கிடையாது. கடைசிப் பக்கத்தில் 155 டாலர் செலுத்தும்படி வந்தால், தொடக்கத்தில் கேட்ட கேள்விகளில் ஏதோ ஒன்றுக்குத் தவறான விடை தந்திருக்கிறீர்கள் என்று பொருள். பணம் கட்டாமல் திரும்பிப் போய்ச் சரிசெய்யுங்கள். ஸ்டடி பர்மிட்டுக்குக் கொடுத்த கைரேகைப் பதிவு பத்தாண்டு செல்லும் என்பதால் அதையும் மறுபடி கொடுக்க வேண்டியதில்லை.

ஸ்காபரோ_வாசி | 2024 செப்டம்பர் 10

வணக்கம் தம்பி. ரொறன்ரோவில் ஒரு மென்பொருள் நிறுவனத்தில் வேலை செய்கிறேன். சில ஆண்டுகளாகக் கோ-ஆப் மாணவர்களைத் தெரிவு செய்யும் குழுவிலும் இருக்கிறேன். அதனால் ரெஸ்யூமே பற்றி எழுதுகிறேன்.

புகைப்படம், பிறந்த தேதி, தந்தையின் பெயர், திருமண நிலை, மதம் ஆகிய அனைத்தையும் எடுத்துவிடுங்கள். ஒன்ராறியோவின் மனித உரிமைச் சட்டத்தின்படி வயது, மதம், குடும்ப நிலை போன்றவற்றை வைத்து வேலைக்கு ஆள் தெரிவு செய்யக்கூடாது. ஆகவே இவை கண்ணில் படாமல் இருப்பதையே நிறுவனங்களும் விரும்புகின்றன. கனடாவில் வேலை செய்யச் சட்டப்படி தகுதி உண்டா என்று மட்டும் கேட்பார்கள், அதற்குத் தயங்காமல் உண்மையைச் சொல்லலாம்: கோ-ஆப் பர்மிட்டுக்கு விண்ணப்பித்திருக்கிறேன், ஜனவரிக்கு முன் எதிர்பார்க்கிறேன் என்ற விடை எங்களுக்குப் பழக்கமானதே. விண்ணப்பிக்கவே இல்லை என்பதுதான் எங்களை யோசிக்க வைக்கும்.

முதல் பணிப்பருவத்துக்கு ஒரு பக்கம் போதும். பத்தாம் வகுப்பு மதிப்பெண் இங்குள்ளவர்களுக்கு எதையும் உணர்த்தாது. ஆனால் கோயம்புத்தூரில் பள்ளிக் காலத்தில் நீங்கள் உண்மையாகச் செய்தது எதுவாக இருந்தாலும், கடையில் கணக்கு எழுதியதோ, தங்கை வகுப்பினருக்குக் கணிதம் சொல்லிக் கொடுத்ததோ, அதை எழுதுங்கள். வேலை அனுபவம் என்றால் நிறுவனச் சம்பளம் மட்டும்தான் என்று நம் பிள்ளைகள் நினைத்து, இத்தகைய வரிகளை விட்டுவிடுகிறார்கள். ஒவ்வொரு வரியிலும் என்ன செய்தீர்கள், எந்தக் கருவியைக் கொண்டு செய்தீர்கள், அதனால் என்ன மாறியது என்ற மூன்றும் தெரிய வேண்டும். குழுவாகச் செய்த பாடத்திட்டப் பணியில் உங்கள் பங்கு எது என்று பிரித்து எழுதுங்கள். நேர்காணலில் முதலில் கிளறப்படுவது அந்த இடம்தான்.

1906இல் சின்சினாட்டி பல்கலைக்கழகத்தில் ஹெர்மன் ஷ்னைடர் இந்த முறையைத் தொடங்கியபோதே, படிப்பையும் வேலையையும் மாறி மாறிச் செய்ய வைப்பதுதான் அவர் நோக்கம். வாட்டர்லூ 1957இல் தொடங்கியதே அந்த அடிப்படையில்தான். ஆகவே அனுபவம் இல்லாமல் வருகிறீர்கள் என்பது தெரிந்துதான் உங்களை அழைக்கிறோம். இல்லாததை இருப்பதாக எழுத வேண்டிய தேவை அறவே இல்லை.

கோவை_மாணவன் | 2024 செப்டம்பர் 12

அக்காவுக்கும் அண்ணாவுக்கும் மனமார்ந்த நன்றி. அடோபி ரீடரில் படிவம் உடனே திறந்துவிட்டது. பல்கலைக்கழகக் கடிதத்துக்கும் கேட்டிருக்கிறேன். ஆனால் ஆவணங்களை அடுக்கும்போது இன்னொரு சிக்கல் தெரிய வந்தது. எனது பாஸ்போர்ட் 2025 ஜூன் மாதம் காலாவதியாகிறது. ஸ்டடி பர்மிட்டிலும் அதே தேதிதான் இருக்கிறது. முதலில் பாஸ்போர்ட்டைப் புதுப்பித்துவிட்டு விண்ணப்பிக்கலாமா, அல்லது இருப்பதை வைத்தே அனுப்பலாமா?

கார்த்திகை_மலர் | 2024 செப்டம்பர் 12

நீங்கள் இதைக் கேட்டது நல்லதாயிற்று. பாஸ்போர்ட் காலாவதியாகும் தேதியைத் தாண்டி எந்தப் பர்மிட்டும் தரமாட்டார்கள் என்பதால்தான் உங்கள் ஸ்டடி பர்மிட்டும் ஜூனில் நிற்கிறது. கோ-ஆப் பர்மிட்டும் அதே தேதி வரைதான் கிடைக்கும். ஆனால் உங்கள் பணிப்பருவம் ஏப்ரலிலேயே முடிந்துவிடுகிறது. அதனால் என் தெளிவான கருத்து, இருக்கும் பாஸ்போர்ட்டை வைத்து இப்போதே விண்ணப்பியுங்கள் என்பதே. பாஸ்போர்ட் புதிதாக வரும் வரை காத்திருந்தால், ஜனவரிக்குள் முடிய வேண்டிய வேலை இன்னொரு அலுவலகத்தின் வேகத்தைச் சார்ந்துவிடும்.

அதே வேளையில் பாஸ்போர்ட் புதுப்பிப்பையும் தள்ளிப்போடாதீர்கள். காலாவதிக்கு ஓராண்டு முன்பிலிருந்தே விண்ணப்பிக்கலாம். இங்கு அது டொராண்டோ இந்தியத் துணைத் தூதரகத்தின் சார்பில் பிஎல்எஸ் மையங்கள் வழியாக நடக்கிறது. பழைய பாஸ்போர்ட்டைக் கொடுப்பதற்கு முன் எல்லாப் பக்கங்களையும் தெளிவாக ஸ்கேன் செய்து வைத்துக்கொள்ளுங்கள், ஐஆர்சிசி இடையில் ஏதாவது கேட்டால் கைவசம் இருக்கும். புதியது வந்தவுடன் ஸ்டடி பர்மிட், கோ-ஆப் பர்மிட் இரண்டையும் காலாவதியாகும் முன்பே நீட்டிக்க விண்ணப்பித்துவிட வேண்டும். ஒன்றை நீட்டித்தால் மற்றது தானாக நீளாது.

முகவரியையும் யோசித்து எழுதுங்கள். பர்மிட் காகிதமாகத் தபாலில் வரும். கோ-ஆப் மாணவர்கள் நான்கு மாதத்துக்கு ஒருமுறை அறை மாறுவது வழக்கம் என்பதால், டிசம்பரில் காலி செய்யப்போகும் அறையின் முகவரியைக் கொடுத்துவிட்டுப் பிறகு பழைய வீட்டு உரிமையாளரைத் தேடுபவர்கள் ஒவ்வோர் ஆண்டும் இருக்கிறார்கள். வீடு மாறினால் ஐஆர்சிசிக்கு முகவரி மாற்றத்தைத் தெரிவியுங்கள். கடைசியாக ஒன்று: குடிவரவு விஷயத்தில் நாங்கள் சொல்வது அனுபவம் மட்டுமே. உங்கள் ஆவணங்களைப் பார்த்து ஆலோசனை சொல்லும் உரிமம் பெற்றவர்கள் பல்கலைக்கழகத்திலேயே இருக்கிறார்கள். அனுப்பும் முன் அவர்களிடம் ஒருமுறை கேளுங்கள்.

கோவை_மாணவன் | 2024 அக்டோபர் 14

விண்ணப்பம் அனுப்பிவிட்டேன், கட்டணம் எதுவும் கேட்கவில்லை. நேர்காணல்களும் முடிந்துவிட்டன. இப்போது வரிசைப்படுத்தும் கட்டம், அதாவது நிறுவனங்களும் மாணவர்களும் ஒருவருக்கொருவர் விருப்ப வரிசை எண் கொடுக்கும் கட்டம். ஒரு நிறுவனம் எனக்கு ஆஃபர் தந்திருக்கிறது, ஆனால் அந்த வேலையில் எனக்குப் பெரிய ஈடுபாடு இல்லை. நான் விரும்பும் நிறுவனத்தில் ஆஃபர் இல்லை. வரிசையில் மட்டும் இருக்கிறேன். பிடிக்காததற்கும் ஓர் எண் கொடுத்து வை, பிறகு மறுத்துவிடலாம் என்று அறைத்தோழன் சொல்கிறான். அப்படிச் செய்யலாமா?

நான்காமாண்டு_தோழன் | 2024 அக்டோபர் 14

செய்யவே கூடாது. பொருத்தம் அறிவிக்கப்பட்ட வேலையை ஏற்றே ஆக வேண்டும். மறுப்பதற்கு விளைவுகள் உண்டு, அந்த நிறுவனம் அடுத்த ஆண்டு நம் மாணவர்களை அழைக்கத் தயங்குவதும் அதில் ஒன்று. போக மனமில்லாத வேலைக்கு எண்ணே கொடுக்காமல் விருப்பமில்லை என்று குறித்துவிடுங்கள்.

கணக்கு இப்படித்தான் வேலை செய்கிறது. நிறுவனம் உங்களுக்குத் தரும் எண்ணும், நீங்கள் நிறுவனத்துக்குத் தரும் எண்ணும் கூட்டப்பட்டு, மிகக் குறைந்த கூட்டுத்தொகை உள்ளவர்கள் முதலில் பொருத்தப்படுகிறார்கள். ஆஃபர் என்றால் நிறுவனத்தின் எண் 1. நீங்கள் விரும்பும் நிறுவனம் உங்களுக்கு 2 தந்திருப்பதாக வைத்துக்கொள்வோம். நீங்கள் அதற்கு 1 கொடுத்தால் கூட்டுத்தொகை 3. அங்கே ஆஃபர் பெற்ற மாணவரும் அதற்கு 1 கொடுத்திருந்தால் அவருடையது 2, வேலை அவருக்கே. அவர் வேறொன்றை விரும்பி இதற்கு 3 கொடுத்திருந்தால் அவருடையது 4 ஆகிவிடும். அப்போது வேலை உங்களுக்கு வரும். ஆஃபர் தந்த நிறுவனத்துக்கு நீங்கள் 3 கொடுத்தால் அது 4 என்ற தொகையோடு உங்களுக்குப் பின்னால் ஆதரவாக நிற்கும். ஆனால் அங்கே இன்னொருவருக்குக் குறைந்த தொகை இருந்தால் அதுவும் கைநழுவலாம். ஆகவே கேள்வி ஒன்றுதான்: அந்த வேலையை நான்கு மாதம் மனமுவந்து செய்ய முடியுமா? முடியும் என்றால் எண் கொடுங்கள். முதல் சுற்றில் எதுவும் அமையாவிட்டாலும் அடுத்த சுற்றுகளில் டிசம்பர் வரை வேலைகள் வந்துகொண்டிருக்கும்.

கோவை_மாணவன் | 2024 நவம்பர் 21

நான் விரும்பிய நிறுவனமே பொருந்தியது. கோ-ஆப் பர்மிட்டும் தபாலில் வந்துவிட்டது. மனிதவளப் பிரிவிலிருந்து சின் எண் (கனடாவில் வேலை செய்யத் தேவையான சமூகக் காப்பீட்டு எண்) கேட்கிறார்கள். நான் இதுவரை எங்கும் வேலை செய்ததில்லை என்பதால் என்னிடம் அது இல்லை.

கார்த்திகை_மலர் | 2024 நவம்பர் 21

மிகுந்த மகிழ்ச்சி தம்பி. முதலில் பர்மிட்டில் பெயர், பிறந்த தேதி, காலாவதித் தேதி, நிபந்தனைகள் ஆகியவற்றை ஒரு வரி விடாமல் சரிபாருங்கள். பிறகு சர்வீஸ் கனடாவில் இணையவழியாகவோ நேரிலோ பாஸ்போர்ட்டும் பர்மிட்டும் காட்டிச் சின் எண் பெறுங்கள். இதற்குக் கட்டணம் இல்லை. நம்மைப் போன்ற தற்காலிக வாசிகளின் எண் 9 என்ற இலக்கத்தில் தொடங்கும், அதற்கும் பர்மிட்டைப் போலக் காலாவதித் தேதி உண்டு. வசந்தத்தில் பர்மிட்டை நீட்டித்ததும் எண் மாறாது, ஆனால் புதிய தேதியைச் சர்வீஸ் கனடாவில் பதிந்துகொள்ள வேண்டும். வேலை தொடங்கிய மூன்று நாளுக்குள் நிறுவனம் இந்த எண்ணைக் கேட்டாக வேண்டும் என்பதால் டிசம்பர் தேர்வுகளுக்கு முன்பே வாங்கி வைத்துவிடுங்கள். எண்ணைத் தொலைபேசியில் கேட்பவர்களுக்குச் சொல்லாமல், நிறுவனம் தரும் பாதுகாப்பான படிவத்தில் மட்டும் எழுதுங்கள்.