ஜெர்சி தீவு: நீதிபதியே சபாநாயகராகவும் இருப்பது எப்படி?

கேள்வி: சட்டக் கல்லூரியில் இரண்டாம் ஆண்டு படிக்கிறேன். இங்கிலாந்துக்கும் பிரான்சுக்கும் இடையிலுள்ள ஜெர்சி தீவின் தலைமை நீதிபதியான பெய்லிஃப், தீவின் சட்டமன்றத்துக்கும் தலைமை தாங்குகிறாராம். அந்தப் பதவிக்கு எப்படி வருகிறார்கள்?

பதில் 1: வழக்கமாக அட்டர்னி ஜெனரல், அப்புறம் துணை பெய்லிஃப், பிறகு பெய்லிஃப். நியமிப்பது பிரிட்டிஷ் அரச பீடம். சர் பிலிப் பெய்ல்ஹாஷ் 1995 முதல் 2009 வரை பெய்லிஃப். அவருடைய தம்பி வில்லியமும் 2015-ல் அதே நாற்காலிக்கு வந்தார். சின்ன ஊர் அல்லவா!

எனக்குப் பெரிய மரியாதை அலெக்சாண்டர் கூட்டான்ஷ் மீதுதான். 1935-ல் பெய்லிஃபாகப் பதவியேற்றார். 1940-ல் ஜெர்மன் படை தீவைப் பிடித்தபோது ஓடிப்போகவில்லை. ஐந்து வருடம் அங்கேயே இருந்து நிர்வாகத்தை நடத்தினார். 1961 வரை பதவியில் இருந்தார்.

கேள்வி கேட்டவர்: நன்றி அண்ணா. இரட்டைப் பொறுப்பை யாரும் எதிர்க்கவில்லையா?

பதில் 2: பக்கத்துத் தீவான குர்ன்சியில் எதிர்த்தார்கள். ஒரு நிலத் திட்டத்தை நிறைவேற்றிய சபைக்குத் தலைமை தாங்கியவரே, அதே திட்டம் சம்பந்தப்பட்ட மேல்முறையீட்டையும் விசாரித்தார். 2000-ல் ஐரோப்பிய மனித உரிமை நீதிமன்றம் அது நியாயமான விசாரணை ஆகாது என்று தீர்ப்பளித்தது. மக்கானல் வழக்கு, அவசியம் படியுங்கள் தம்பி.