ஒளிப்பதிவாளர் ஆக விரும்பும் மகளுக்கு எந்த வழி?

கேள்வி – அல்சூர் வாசகி:
என் மகள் பி.யு.சி. முடித்துவிட்டாள், ஒளிப்பதிவாளர் ஆவதென்று உறுதியாக இருக்கிறாள். சென்னைக்கோ மும்பைக்கோ போய் யாரிடமாவது உதவியாளராகச் சேர்வதா, முறையாகப் படிப்பதா என்பதில் வீட்டில் ஒருமித்த கருத்து இல்லை. பெங்களூரிலிருந்தே இத்துறைக்குள் நுழைய முடியுமா என்பதை விவரம் அறிந்தவர்கள் சொல்ல வேண்டுகிறேன்.

பதில் – ஜெயநகர் வாசகர்:
தாராளமாக முடியும், அம்மா. மைசூரில் பிறந்த வி.கே. மூர்த்தி, நம் ஊர் ஸ்ரீ ஜெயசாமராஜேந்திர பாலிடெக்னிக்கில் 1946-இல் ஒளிப்பதிவுப் பட்டயம் பெற்றுத்தான் மும்பை சென்றார். அங்கும் எடுத்த எடுப்பில் கேமரா கைக்கு வந்துவிடவில்லை. 1951-இல் வெளியான 'பாஸி' படத்திலும் அவர் உதவியாளரே. அதில் அவர் எடுத்துக்காட்டிய ஒரு காட்சியில் மனம் நிறைந்த இயக்குநர் குரு தத், 'ஜால்' தொடங்கித் தம் படங்களை அவரிடம் ஒப்படைத்தார். இந்தியாவின் முதல் சினிமாஸ்கோப் (அகலத்திரை) படமான 'காகஸ் கே ஃபூல்' (1959) படத்தில், இருண்ட படப்பிடிப்பு அரங்கினுள் சாய்ந்து விழும் அந்த ஒளிக்கற்றை விளக்கால் உண்டானதன்று. வெளியே வெயிலை வாங்க ஒரு பெரிய கண்ணாடியையும், அவ்வொளியை உள்ளே திருப்ப இன்னொன்றையும் வைத்துச் சூரியனையே அவர் அரங்கினுள் கொண்டுவந்தார். ஒளிப்பதிவாளர்களுள் தாதாசாகிப் பால்கே விருதை முதலில் பெற்றவரும் அவரே. படிப்பும் வேண்டும், உதவியாளர் காலமும் வேண்டும் என்பதே என் கருத்து.

பதில் – சிவாஜிநகர் வாசகர்:
அதே பாலிடெக்னிக்கில் 1962-இல் படித்து முடித்த கோவிந்த் நிஹலானி, மூர்த்தியிடம் உதவியாளராக இருந்தவர். அவர் ஒளிப்பதிவு செய்த 'அங்குர்' 1974-இல்தான் வந்தது. அத்தனை காலம் பொறுத்திருக்கக் குடும்பம் துணைநிற்குமா என்பதை முதலில் பேசி முடிவு செய்யுங்கள். இரண்டு படங்களுக்கு இடையே வருமானம் நின்றுபோவது இத்தொழிலில் வழக்கம். அந்தப் பாலிடெக்னிக்கின் ஒளிப்பதிவுப் பிரிவின் வழிவந்ததே பெங்களூரை அடுத்த ஹெசரகட்டாவிலுள்ள அரசுத் திரைப்பட நிறுவனம். ஒருமுறை நேரில் சென்று விசாரியுங்கள்.

பதில் – கே.ஆர். புரம் வாசகி:
பெண் பிள்ளை என்று தயங்க வேண்டாம். ஒளிப்பதிவாளர் அசோக்குமாரிடம் உதவியாளராக இருந்த பி.ஆர். விஜயலட்சுமி, 1985-இலேயே 'சின்ன வீடு' படத்துக்குத் தனித்து ஒளிப்பதிவு செய்தார். உதவியாளர் வேலையைச் சுமைதூக்கும் வேலையாகவும் எண்ணிவிடாதீர்கள். நடிகர் நடந்து வரும்போது முகம் மங்காதபடி லென்ஸ் வளையத்தைத் திருப்பிக்கொண்டே இருப்பவரும் ஓர் உதவியாளர்தான்; அவர் கை சற்றே பிசகினால், எவ்வளவு நன்றாக நடித்திருந்தாலும் அந்தக் காட்சியைத் திரும்ப எடுக்க வேண்டியதுதான்.